டிக்கெட்டில் பெயர் பிசகிவிட்டதா? தேடலில் கிடைக்கும் எண்ணுக்கு அழைத்துவிடாதீர்கள்

அப்பா தனியாக ஓர் உள்நாட்டு விமானத்தில் போக வேண்டியிருந்தது. டிக்கெட் போட்டது நான்தான், ஒரு முன்பதிவுத் தளத்தில். எங்கள் வீட்டில் யாருக்கும் குடும்பப் பெயர் கிடையாது, வெறும் இனிஷியல்தான். அந்தப் படிவமோ கடைசிப் பெயர் இல்லாமல் நகர மாட்டேன் என்றது. ஒற்றை எழுத்தைப் போட்டாலும் சிவப்பாகிறது. அலுத்துப்போய் அப்பாவின் பெயரையே இரண்டு கட்டத்திலும் போட்டுவிட்டேன். பணம் கட்டி டிக்கெட் வந்த பிறகுதான் வயிற்றில் புளியைக் கரைத்தது. அடையாள அட்டையில் தாத்தா பெயரும் அப்பா பெயரும் இருக்கின்றன. டிக்கெட்டில் அப்பா மட்டும் இரண்டு தடவை.

விமான நிறுவனத்தின் பெயரைப் போட்டு வாடிக்கையாளர் சேவை எண்ணைத் தேடினேன். முதலில் வந்த எண்ணுக்கு அழைத்தேன். அது விளம்பரம் என்று பக்கத்திலேயே சின்ன எழுத்தில் இருந்ததை அப்புறம்தான் பார்த்தேன்.

எடுத்தவர் அவ்வளவு மரியாதையாகப் பேசினார். பி.என்.ஆர். எனும் முன்பதிவு எண்ணும் கடைசிப் பெயரும் கேட்டார், சொன்னேன். அரை நிமிடத்தில் பயணத் தேதி, புறப்படும் நேரம், அப்பாவுக்காக நான் எடுத்திருந்த ஜன்னலோர இருக்கையின் எண் வரைக்கும் ஒப்பித்தார். அங்கேதான் விழுந்தேன். உள்ளே இருக்கும் ஆள் இல்லையென்றால் இதெல்லாம் எப்படித் தெரியும்?

தெரியும். பி.என்.ஆர். என்பது எழுத்தும் எண்ணும் கலந்த ஆறு இடக் குறியீடு, அவ்வளவுதான். பெரும்பாலான விமான நிறுவனங்களின் தளத்தில் அதையும் கடைசிப் பெயரையும் தட்டினால் மொத்த முன்பதிவும் திறந்துவிடும். கடவுச்சொல் கிடையாது, ஓ.டி.பி. கிடையாது. நான் கொடுத்த சாவியால் என் பெட்டியையே திறந்து எனக்கு வாசித்துக் காட்டியிருக்கிறார். (போர்டிங் பாஸைப் படமெடுத்துப் பெருமையாகப் பகிர்கிறவர்களும் இதே சாவியைத்தான் ஊருக்கெல்லாம் கொடுக்கிறார்கள். பார்கோடுக்குள்ளும் அந்த எண் இருக்கிறது.)

"பெயர் பொருந்தவில்லை சார், பெரியவரை வாசலிலேயே நிறுத்திவிடுவார்கள்" என்றார். திருத்தக் கட்டணம் டிக்கெட் விலையில் பாதி. அடையாள அட்டையின் இரண்டு பக்கத்தையும் படமெடுத்து அனுப்பச் சொன்னார், அனுப்பினேன். பணமும் கட்டினேன். பத்து நிமிடத்தில் சரியான பெயரோடு புது டிக்கெட் பி.டி.எஃப். ஆக வந்தது. கூடவே ஒரு போனஸ் ஆலோசனை: "அட்டையை சிஸ்டத்தில் ஏற்றிவிட்டோம் சார், ஒரிஜினல் தேவையில்லை, போனில் இருக்கும் படமே போதும்." எதையும் தொலைத்துவிடுவோமோ என்று பயப்படுகிறவர் அப்பா. அட்டையை நிம்மதியாக வீட்டு அலமாரியில் வைத்துவிட்டுக் கிளம்பினார்.

விமான நிலைய வாசலில் இருந்த காவலர் போனில் இருந்த படத்தைப் பார்த்து முடியாது என்று தலையை ஆட்டிவிட்டார். கவுன்ட்டரில் இருந்த பெண்ணை வெளியே வரச் சொல்லிக் கெஞ்சினேன், வந்தார். கணினியில் பழைய பெயரேதான் இருக்கிறதாம். என் கையில் இருந்த பி.டி.எஃப். யாரோ எழுத்தை மாற்றி ஒட்டியது. அப்புறம் அவர் சொன்னதுதான் இன்னும் வலிக்கிறது: "குடும்பப் பெயர் இல்லாதவங்க நிறைய பேர் இப்படித்தாங்க ரெண்டு தடவை போடுவாங்க. ஒரிஜினல் அட்டை மட்டும் இருந்தா அனுப்பியிருப்போம்." இல்லாத பிரச்சினைக்குப் பணம் கட்டி, இருந்த ஒரே அட்டையை வீட்டில் விட்டுவிட்டு வந்திருக்கிறோம். விமானம் போய்விட்டது.

அன்று ராத்திரி உட்கார்ந்து விதிகளைப் படித்தேன். டிக்கெட் போடுவதற்கு முன்னால் படித்திருக்க வேண்டியது. இது நாட்டுக்கு நாடு ஒரேயடியாக மாறுகிறது. அமெரிக்காவில் 2025 மே 7 முதல், 18 வயது நிரம்பியவர்கள் சாதாரண ஓட்டுநர் உரிமத்தைக் காட்டினால் போதாது, அது மத்திய அரசு வகுத்த 'ரியல் ஐடி' தரத்தில் இருக்க வேண்டும்; இல்லையென்றால் பாஸ்போர்ட் மாதிரி வேறொன்று. 2005இலேயே போட்ட சட்டம், தள்ளித் தள்ளி இருபது வருடம் கழித்து நடைமுறைக்கு வந்தது. இந்தியாவில் ஆதார், வாக்காளர் அட்டை, ஓட்டுநர் உரிமம், பாஸ்போர்ட் என்று பட்டியலே உண்டு. அரசின் டிஜிலாக்கர், ஆதார் செயலிகளைத் திறந்து காட்டலாம், ஆனால் அட்டையைப் போனில் எடுத்த படம் செல்லாது. ஆஸ்திரேலியாவிலோ நியூசிலாந்திலோ உள்நாட்டுப் பயணத்தில் பல நேரம் அட்டையையே கேட்பதில்லை. ஆக, "எங்கேயும் எதையாவது காட்டினால் போதும்" என்று யார் சொன்னாலும் நம்பாதீர்கள். அரசு ஒன்றைக் கேட்கும், நிறுவனம் அதற்கு மேலும் கேட்கலாம். இரண்டு தளத்தையும் நீங்களே திறந்து பாருங்கள்.

பெயர் பிசகினால் முதலில் டிக்கெட்டை விற்றவரிடமே போங்கள், எண்ணை உங்கள் டிக்கெட் மின்னஞ்சலிலிருந்து எடுங்கள். முகவர் மூலம் வாங்கியிருந்தால் விமான நிறுவனமே அவரிடம்தான் திருப்பி அனுப்பும். அதோடு, சீக்கிரம் போங்கள். இந்தியாவில் நிறுவனத்தின் சொந்தத் தளத்தில் வாங்கிய டிக்கெட் என்றால், 24 மணி நேரத்துக்குள் சொல்லும் பெயர்ப் பிழையைக் கட்டணமில்லாமல் திருத்தித் தர வேண்டும் என்பது விதி. நான் சில்லறை மிச்சம் பிடிக்க வேறு தளத்துக்குப் போனவன்.

வங்கியில் புகார் கொடுத்தேன். ஓ.டி.பி.யை நீங்களேதானே போட்டீர்கள் என்றார்கள். அது கூடப் பரவாயில்லை. அப்பாவின் அட்டை, முன்னும் பின்னும், எவன் கையிலோ இருக்கிறது என்பதுதான் தூக்கத்தைக் கெடுக்கிறது. இப்போதெல்லாம் நகல் கொடுத்தால் அதன் குறுக்கே என்ன காரியத்துக்கு, எந்தத் தேதியில் என்று எழுதித்தான் கொடுக்கிறேன்.

மூன்று வாரம் கழித்து அப்பாவின் போனுக்கே ஓர் அழைப்பு. தவறவிட்ட விமானத்துக்குப் பணம் திரும்ப வருகிறதாம், அட்டையின் படத்தை இன்னொரு முறை அனுப்ப வேண்டுமாம். அப்பா நிதானமாகக் கேட்டுவிட்டுச் சொன்னார்: "படமெல்லாம் செல்லாதுப்பா. நேர்ல வா, ஒரிஜினலையே காட்டுறேன்."