டி.எஸ்.பாலையா: ஆறு படங்களின் டிவிடி தொகுப்பு

டி.எஸ்.பாலையா நடித்த 6 படங்கள் அடங்கிய டிவிடி தொகுப்பு ஒன்றைச் சென்ற மாதம் 600 ரூபாய்க்கு வாங்கினேன். துணை நடிகருக்கென்றே போட்ட தொகுப்பிலும் அட்டையை அடைத்துக்கொண்டு நிற்பவர்கள் கதாநாயகர்கள்தாம். பாலையாவின் முகம் பின்பக்க மூலையில் தபால்தலை அளவில் இருக்கிறது.

1936இல் ‘சதி லீலாவதி’ மூலம் எம்.ஜி.ஆரும் இவரும் ஒன்றாகத் திரைக்கு வந்தனர். அந்தப் படம் இதில் இல்லை. ‘வேலைக்காரி’யில் (1949) கே.ஆர்.ராமசாமிக்கு யோசனை சொல்லும் நண்பன் மணியாக வருபவர், ‘மதுரை வீர’னில் (1956) வில்லன் நரசப்பனாகி, ‘பாமா விஜய’த்தில் (1967) மகன்களின் வீண் ஆடம்பரத்தைக் கண்டு நொந்துபோகும் தகப்பனாகிறார். இந்தக் கறுப்பு வெள்ளைப் படங்கள் மூன்றையும் அகலத் திரைக்காக இழுத்துவைத்திருப்பதால் எல்லோருக்கும் கன்னம் உப்பித் தெரிகிறது; தொலைக்காட்சியில் படத்தின் அகல-உயர விகிதத்தை 4:3 என்று மாற்றிக்கொண்டால் சரியாகிவிடும்.

வண்ணப் படங்களில் ‘காதலிக்க நேரமில்லை’யின் (1964) பதிவு மிகத் தெளிவு. நாகேஷ் பேய்க்கதை சொல்லும் காட்சியை ஒலியை அடைத்துவிட்டு மறுமுறை பார்த்தேன். பேசுவது முழுக்க நாகேஷ்தான். ஆனாலும் அசட்டையாகக் கேட்கத் தொடங்கி, தன்னையறியாமல் கதைக்குள் இழுபட்டு, கடைசியில் வெலவெலத்துப்போகும் பாலையாவின் முகம் இல்லையென்றால் அந்தக் கதைக்குப் பயமும் இல்லை, சிரிப்பும் இல்லை. கேட்பதையே நடிப்பாக்கத் தெரிந்தவர் அவர்.

அதனால்தான் ‘திருவிளையாடல்’ (1965) தகட்டின் மீது எனக்குக் கோபம். பாலமுரளிகிருஷ்ணாவின் குரலில் ‘ஒரு நாள் போதுமா’ என்று மோவாயை உயர்த்திப் பாடிய ஹேமநாத பாகவதராக வரும் பாலையா, இரவில் விறகுவெட்டியின் பாட்டைக் கேட்டுக் கர்வம் கரைந்து நிற்கும் இடத்தில் படம் துள்ளி அடுத்த காட்சிக்குப் போய்விடுகிறது. மாற்றித் தரும்படி கேட்டேன். மறுப்பில்லாமல் தந்தார்கள், ஆனால் புதிய தகட்டிலும் அதே இடத்தில் அதே வெட்டு. மூலப் பிரதியிலேயே பழுது போலும்.

‘தில்லானா மோகனாம்பா’ளில் (1968) அந்தக் குறை இல்லை. சிவாஜியின் நாதஸ்வரத்துக்குப் பக்கத்தில் தவில்காரர் முத்துராக்குவாக உட்கார்ந்திருக்கும் அவரை மட்டும் பார்த்துக்கொண்டே முழுக் கச்சேரியையும் ஓட்டலாம். தகடுகளைத் தனித்தனியாகவும் விற்கிறார்கள். இதையும் ‘காதலிக்க நேரமில்லை’யையும் மட்டும் வாங்கினால் 240 ரூபாயோடு முடிந்துவிடும்.