குடித்தால் மூச்சு முட்டும்: மரத்தில் வாழும் செடிகளில் யார் கெட்டிக்காரர்?

நான் வளர்த்த முதல் டில்லாண்ட்சியா அழுகித்தான் செத்தது. மண் வேண்டாம், தொட்டி வேண்டாம், காற்றிலேயே வாழும் என்று சொல்லித்தான் கொடுத்தார்கள். எனக்கு மனசு கேட்கவில்லை. தாகமாக இருக்குமே என்று தினமும் இரவில் தண்ணீரில் ஊறப் போட்டேன். சில வாரங்களில் நடுக்குருத்து கையோடு வந்துவிட்டது. பக்கத்திலேயே குஸ்மேனியா ஒன்று நடுவில் எந்நேரமும் தண்ணீரைத் தேக்கிக்கொண்டு ஜம்மென்று நின்றது. இரண்டும் ஒரே குடும்பம், அன்னாசியின் புரோமீலியாட் குடும்பம். ஒன்றுக்குத் தண்ணீர் எமனாகவும் இன்னொன்றுக்கு அதுவே வீடாகவும் இருப்பது எப்படி என்று தேடப் போய்த்தான் இந்த அலசல்.

முதலில் ஒரு பழியைத் துடைத்துவிடலாம். மரத்தில் ஒட்டி வளர்வதெல்லாம் ஒட்டுண்ணி கிடையாது. புல்லுருவி மரத்துக்குள் வேரை இறக்கிச் சாற்றை உறிஞ்சும். இவை இரண்டையும் போன்ற தொற்றுச் செடி மரத்தில் உட்கார இடம் மட்டும்தான் கேட்கிறது. டில்லாண்ட்சியா ரிகர்வேட்டா டெலிபோன் கம்பியில்கூட வளரும். கம்பியில் உறிஞ்ச என்ன இருக்கிறது?

கிளையில் இடம் பிடித்தால் வெளிச்சத்துக்குக் குறைவில்லை. தண்ணீர்தான் பெரும்பாடு. மழை பெய்யும்போது வெள்ளம், நின்ற கொஞ்ச நேரத்தில் பட்டை காய்ந்து பாலைவனம். அந்தக் கொஞ்ச நேரத்துக்குள் குடித்தாக வேண்டும். இதில் இன்னொரு சிக்கலும் உண்டு. இலை மேல் தண்ணீர்ப் படலம் படிந்தால் கார்பன் டை ஆக்சைடு உள்ளே போகாது. தண்ணீரில் அந்த வாயு பரவும் வேகம் காற்றில் பரவுவதைப் போலப் பல ஆயிரத்தில் ஒரு பங்குதான். ஆகவே, குடிக்கிற இடமும் மூச்சு விடுகிற இடமும் ஒன்றாக இருந்தால் ஆபத்து. போட்டியாளர்களை நான் இந்த அளவுகோலில்தான் நிறுத்திப் பார்க்கிறேன்.

டில்லாண்ட்சியாவில் இரண்டும் ஒரே இடம். இலை முழுக்கச் சாம்பல் பூத்ததுபோல் செதில் மயிர்கள். ஒவ்வொரு செதிலும் செத்த செல்களால் ஆன சின்னக் குடை; அடியில் உயிருள்ள சில செல்கள் காம்புபோல் இலைக்குள் இறங்கும். நனைந்தால் குடை உப்பி விரிந்து, தண்ணீரைக் காம்பு வழியாக உள்ளே விடும். காய்ந்தால் சுருங்கி வாயை அடைத்துக்கொள்ளும். உள்ளே போகலாம், வெளியே வர முடியாது என்கிற ஒருவழிக் கதவு. இந்தச் செடிக்கு வேர் வெறும் கொக்கிதான். ஸ்பானிஷ் பாசி என்று அழைக்கப்படும் டில்லாண்ட்சியா உஸ்னியாய்ட்ஸ் வளர்ந்தபின் அந்தக் கொக்கிகூட இல்லாமல் கிளையில் தாடிபோல் தொங்கும். அட்டகாமா பாலைவனத்தில் டில்லாண்ட்சியா லாண்ட்பெக்கி வெறும் மணல் மேல் கிடந்து கடலில் இருந்து வரும் பனிமூட்டத்தைக் குடித்தே காலம் தள்ளுகிறது. காற்றைக் குடித்து வாழ்கிறது என்று சொல்வது மட்டும் தப்பு. மழையோ பனித்துளியோ மூட்டமோ, ஈரம் நீராகவே வந்து படிய வேண்டும்.

சரி, என் செடி ஏன் செத்தது? நனைந்த குடைகள் இலையைப் போர்த்திவிடும். அந்த நேரத்தில் வாயு உள்ளே போவது கஷ்டம். அதோடு சாம்பல் நிற டில்லாண்ட்சியாக்கள் கள்ளிகளைப் போல இரவில்தான் இலைத்துளைகளைத் திறக்கும். இரவில் வாங்கிய கார்பன் டை ஆக்சைடை மாலிக் அமிலமாகச் சேர்த்து வைத்துப் பகலில் செலவழிக்கும். நான் ஊறப் போட்டதோ சரியாக அது மூச்சு விடுகிற நேரத்தில்! போதாக்குறைக்கு, குருத்தில் தங்கிய ஈரம் காயவே இல்லை.

குஸ்மேனியா, வ்ரீசியா, ஏக்மியா போன்ற ஜாடிச் செடிகள் இலைக்குள்ளேயே வேலையைப் பிரித்துக்கொண்டன. இலைகளின் அடிப்பாகம் ஒன்றன் மேல் ஒன்று நெருங்கிக் கிண்ணமாகிறது; குடிக்கும் செதில்கள் அங்கே குவிந்திருக்கின்றன. மேலே விரிந்த பகுதி உலர்ந்திருந்து மூச்சு விடுகிறது. பெரிய இனங்களில் பல லிட்டர் தண்ணீர் நிற்கும். அதில் சருகு விழும், ஊறும், பாக்டீரியாவும் புழுக்களும் அதைச் சிதைக்கும். செடிக்கு உரம் தயார். கோஸ்டா ரிகாவின் கிளோடோமிரோ பிக்காடோ 1913-இலேயே இந்தக் கிண்ணங்களைத் தனி உயிர்ச்சூழலாக எடுத்து ஆராய்ந்தார். ஜமைக்காவில் ஒரு நண்டு தன் குஞ்சுகளை இதில்தான் வளர்க்கிறது. தாய் சருகை வாரி வெளியே போடும். நத்தை ஓடுகளைக் கொண்டுவந்து நீரில் இட்டுச் சுண்ணாம்புச் சத்தைக் கூட்டும். மத்திய அமெரிக்காவில் செந்நிறத் தவளை ஒன்று தலைப்பிரட்டைகளை முதுகில் சுமந்து வந்து கிண்ணத்துக்கு ஒன்றாக விட்டு, கருவுறாத முட்டைகளை இட்டு ஊட்டுகிறது.

கிண்ணத்தில் கொசுவும் முட்டையிடும். டிரினிடாடில் கொக்கோவுக்கு நிழல் தந்த மரங்களில் இந்தச் செடிகள் மண்டி, அவற்றில் பெருகிய அனாஃபிலிஸ் கொசு மலேரியாவைப் பரப்பியது. 1940-களில் செடிகள் மேல் காப்பர் சல்பேட் தெளித்து அழித்தார்கள். அந்த வேலையில் இருந்த காலின் பிட்டென்ட்ரிக், கொசு எந்த உயரத்தில் எந்த நேரம் கடிக்கிறது என்று கணக்கெடுக்கத் தொடங்கி, பிறகு உயிரியல் கடிகார ஆய்வின் முன்னோடிகளில் ஒருவரானார். புரோமீலியாட்களை, மண்ணை நம்பிய வேரில் தொடங்கிச் செதிலை மட்டும் நம்பியது வரை, தண்ணீர் எடுக்கும் விதத்தால் வகை பிரித்தவரும் அவரே.

இனி ஆர்க்கிட். பள்ளிப் பாடத்தில் வாண்டா என்ற ஆர்க்கிட்டின் வெலாமன் திசுவை மனப்பாடம் செய்தவர்களுக்கு நினைவிருக்கும். வேரைச் சுற்றிச் செத்த செல்களால் ஆன பஞ்சு உறை. காய்ந்தபோது அதில் காற்று நிறைந்து வெள்ளி நிறமாகத் தெரியும். தண்ணீர் பட்டதும் உள்ளிருக்கும் பச்சை பளிச்சென்று வெளியே வரும். டில்லாண்ட்சியாவின் இலையும் நனைந்தால் இதே மாதிரிதான் நிறம் மாறும். நெருங்கிய உறவில்லாத இரண்டு குடும்பங்கள், செத்த செல்லை வைத்து ஒரே உத்தியை ஒன்று இலையிலும் மற்றது வேரிலும் கண்டுபிடித்திருக்கின்றன.

ஆர்க்கிட்டுக்கு இதில் என்ன லாபம் என்றால், குடிப்பது வேர், மூச்சு விடுவது இலை. மழையின் முதல் ஒழுகலில்தான் கிளையில் படிந்த தூசியும் உப்பும் கரைந்து வரும். வெலாமன் அதைத்தான் பிடித்து வைக்கிறது என்று தாவரவியலாளர் ஃபிரிட்ஸ் வென்ட் 1940-இல் ஊகித்தார். வெலாமன் நொடிகளில் நிறைந்துவிடுகிறது, கரைந்து வந்த சத்தையும் பிடித்துக்கொள்கிறது என்று 2013-இல் வெளியான ஆய்வு காட்டியது. குடித்ததைச் சேமிக்கப் பல ஆர்க்கிட்டுகளுக்குக் கிழங்குபோல் பருத்த தண்டும் உண்டு. இலையையே துறந்துவிட்ட ஆர்க்கிட்டுகளும் இருக்கின்றன. அவற்றில் வேரே குடித்து, வேரே ஒளிச்சேர்க்கை செய்யவேண்டும். பழைய சிக்கல் திரும்பி வந்ததா? வந்தது. அதற்காக வேரில் நனைந்தாலும் காற்று தங்கும் சில திட்டுகள் விடப்பட்டிருக்கின்றன.

உலகில் ஏறக்குறைய 30,000 தொற்றுச் செடி இனங்கள் உண்டு; அதில் மூன்றில் இரண்டு பங்குக்குக் குறையாமல் ஆர்க்கிட்டுகள். புரோமீலியாட் குடும்பம் மொத்தமே 3,600 சொச்சம். அதிலும் பாதிக்குச் சற்று மேல்தான் மரவாசிகள். எண்ணிக்கையைப் பார்த்தால் ஆர்க்கிட்டுக்குத்தான் கோப்பை. ஆனால் அந்த வெற்றியை வெலாமன் மட்டும் வாங்கிக் கொடுத்தது என்று நான் நம்பவில்லை. ஒரு காயில் லட்சக்கணக்கில் நிரம்பும் தூசி விதைகளுக்கும், பூச்சிகளோடு அது போட்டுக்கொண்ட விசித்திரமான ஒப்பந்தங்களுக்கும் பெரிய பங்கு உண்டு. அந்த விதையில் சாப்பாடு கட்டிக்கொடுக்கப்படவில்லை. சரியான பூஞ்சை வந்து ஊட்டினால்தான் முளைக்கும். விழும் இடமெல்லாம் சூதாட்டம்.

பறவைக்கூட்டுப் பெரணி இந்த நுணுக்கம் எதற்கும் போகவில்லை. இலைகளைக் கூடைபோல் வட்டமாக விரித்து மேலிருந்து விழும் சருகைப் பிடிக்கிறது. அது மக்கி மண்ணாகிறது. சாதாரண வேர் அதில் குடிக்கிறது. போர்னியோ காட்டில் 2004-இல் அளந்தபோது, மரக்கூரையின் மற்ற இடங்களில் உள்ள மொத்தப் பூச்சி வகையறாவின் எடைக்கு நிகராக இந்தக் கூடைகளுக்குள்ளேயே இருக்கக்கூடும் என்று தெரிந்தது. மான்கொம்புப் பெரணி கேடயம்போல் ஒரு இலையை மரத்தோடு ஒட்டி அதன் பின்னால் சருகைச் சேர்க்கும்.

எறும்பை வாடகைக்கு வைக்கும் டிஸ்கிடியா மேஜரையும் விட மனமில்லை. பைபோல் உப்பிய இலைக்குள் எறும்புகள் குடியிருக்கும். அந்தப் பைக்குள்ளேயே செடி தன் வேரையும் விடும். எறும்புகள் விடும் மூச்சைப் பையின் உட்புற இலைத்துளைகள் வழியாக வாங்கிக்கொள்ளும். வெளிக்காற்றில் வாயைத் திறந்து ஈரத்தை இழக்கும் தேவை குறைகிறது. இந்தச் செடி இலையில் உள்ள கார்பனில் 39 சதவீதம் எறும்புகளின் மூச்சிலிருந்தும், நைட்ரஜனில் 29 சதவீதம் அவை குவிக்கும் குப்பையிலிருந்தும் வந்தவை என்று 1995-இல் கணக்கிட்டார்கள்.

என் ஓட்டு ஜாடிச் செடிக்கு. தன் சிக்கலைத் தீர்த்ததோடு ஒரு குளத்தையே மரத்தில் ஏற்றிவைத்திருக்கிறதே! ஆனால் அது எல்லா வயதிலும் ஜாடிச் செடியாக இருப்பதில்லை என்று பிறகுதான் தெரிந்தது. விரல் நீளக் கன்றின் கிண்ணம் சில சொட்டுதான் பிடிக்கும். மழை நின்ற கையோடு வற்றிவிடும். அதனால் வ்ரீசியா, குஸ்மேனியா இனங்கள் பலவற்றின் கன்றுகள் குறுகிய இலையும் உடம்பெல்லாம் செதிலுமாக, அசல் டில்லாண்ட்சியா போலவே வளர்கின்றன. உடம்பு பெருத்து, இரண்டு மழைக்கு நடுவில் தாக்குப்பிடிக்கும் அளவு தண்ணீர் நிற்கும் என்றான பிறகுதான் இலையை அகலமாக்கிக் கிண்ணம் கட்டத் தொடங்குகின்றன.