ராமநாதபுரத்தில் ஒரு பிரெஞ்சு வகுப்பு: பாடம் சரி, பின்னணி எங்கே?

கனடாவுக்குக் குடிபெயர விரும்புவோருக்குப் பிரெஞ்சு கற்றுத் தரும் பயிற்சி மையங்கள் சென்னை, கோவையோடு நிற்காமல் இப்போது ராமநாதபுரம் வரை வந்துவிட்டன. கீழக்கரை, பெரியபட்டினம், தேவிபட்டினம், மண்டபம் பகுதிகளிலிருந்து வளைகுடா நாடுகளுக்குப் போய்த் திரும்பியவர்களும், இனி அங்கே போக மனமில்லாத இளைஞர்களுமே இவற்றில் அதிகம் சேர்கிறார்கள். அப்படியொரு மையத்தில் தொடக்க நிலையிலிருந்து படித்தவன் என்ற முறையில் இந்த மதிப்பீட்டை எழுதுகிறேன். குறைகளையும் சொல்ல வேண்டியிருப்பதால் மையத்தின் பெயரைத் தவிர்க்கிறேன். சேருமுன் கேட்க வேண்டிய கேள்விகள் எந்த மையத்துக்கும் பொருந்துபவைதாம்.

முதலில் நிறை. ஆசிரியை புதுச்சேரியில் படித்தவர். பிரெஞ்சைப் பயமில்லாமல் வாயில் வர வைக்கிறார். இலக்கண அட்டவணைகளை மனப்பாடம் செய்யச் சொல்லிவிட்டுப் போகும் வழக்கம் அவரிடம் இல்லை. கனடா குடியேற்றத்துக்கு ஏற்கப்படும் பிரெஞ்சுத் தேர்வான டெஃப் கனடாவின் பேச்சுப் பகுதி 15 நிமிடம். அதன் முதல் பிரிவில் ஒரு விளம்பரத்தைக் கையில் கொடுத்து, தொலைபேசியில் விசாரிப்பது போலக் கேள்வி கேட்கச் சொல்வார்கள். அடுத்த பிரிவில் ஒரு நண்பரை ஒரு செயலுக்கு இணங்க வைக்க வேண்டும். இதற்கு ஆசிரியை செய்யும் பயிற்சி அபாரம். மாணவரைச் சுவரைப் பார்த்து உட்கார வைத்துவிட்டு, அவர் பின்னாலிருந்து வீட்டுக்காரராகப் பேசுவார். வாடகை எவ்வளவு, முன்பணம் உண்டா, குளிர்காலத்தில் வெப்பமூட்டும் செலவு யாருடையது என்று கேட்டுக்கொண்டே போக வேண்டும். கேள்வி நின்றால் அவரும் பேசாமல் இருந்துவிடுவார். துபாயில் பல்லாண்டு கணக்கராக இருந்த கீழக்கரைக் காக்கா (அங்கே அண்ணனை அழைக்கும் சொல்) ஒருவர், முதலில் மூன்று கேள்விக்கு மேல் தாண்டாதவர், பிறகு வாடகையைக் குறைக்கும் அளவுக்குத் தேறினார். முகபாவத்தை நம்பாமல் குரலை மட்டும் நம்பிப் பேசப் பழக்குவது இம்மையத்தின் உண்மையான பலம்.

ஏ1, ஏ2, பி1, பி2 என்று நான்கு நிலைகளுக்கும் சேர்த்துக் கட்டணம் 60,000 ரூபாய். தேர்வுக் கட்டணமும், தேர்வு எழுதச் சென்னைக்கோ புதுச்சேரிக்கோ போய்வரும் செலவும் தனி. கட்டணத்தில் குறை சொல்ல மாட்டேன். கால அளவில்தான் சொல்வேன். ஆறு மாதத்தில் பி2 நிலை என்கிறது துண்டறிக்கை. வாரத்துக்கு ஐந்து நாள், நாளுக்கு இரண்டு மணி நேரம் என்று வைத்தாலும் ஆறு மாதத்தில் 260 மணி நேரம்தான் ஆகிறது. பிரெஞ்சு கற்பிக்கும் நிறுவனங்கள் அந்த நிலைக்குப் பொதுவாகச் சொல்லும் கணக்கு 500 முதல் 600 மணி நேரம். மிச்சத்தை மாணவர் வீட்டில் தானே ஈடுகட்ட வேண்டும் என்பதைச் சேர்க்கும்போதே சொல்லிவிட்டால் நேர்மையாக இருக்கும்.

இதைவிடப் பெரிய குறை ஒன்று உண்டு. ஒருநாள் வகுப்பில் மண்டபத்துப் பையன் ஒருவன், “நம்ம ஊர்ல இந்தி மாதிரி அங்க பிரெஞ்சத் திணிக்கிறாங்களா மேடம்?” என்று கேட்டான். “அதெல்லாம் பரீட்சையில வராது தம்பி” என்று பதில் வந்தது. பரீட்சையில் வராது என்பது உண்மைதான். ஆனால் அந்தப் பரீட்சைக்கே மதிப்பு எங்கிருந்து வந்தது என்பதற்கான பதில் அந்தக் கேள்விக்குள்தான் இருக்கிறது. வாங்கும் சரக்கு எந்தச் சந்தையில் விலைபோகிறது என்று தெரியாமல் பணம் கட்டுகிறோம்.

இந்தியோடு ஒப்பிட்டால் படம் தலைகீழாகிவிடும். கனடாவின் இரண்டு ஆட்சிமொழிகளில் எண்ணிக்கையில் பெரியது ஆங்கிலம். 2021 கணக்கெடுப்பின்படி பிரெஞ்சை முதல் ஆட்சிமொழியாகக் கொண்டவர்கள் நாட்டில் 21.4 சதவீதம், கியூபெக் மாகாணத்துக்கு வெளியே 3.3 சதவீதம் மட்டுமே. தன் மாகாணத்தில் பெரும்பான்மை, நாட்டளவில் சிறுபான்மை என்ற அந்த நிலை நம் தமிழின் நிலைக்குத்தான் நெருக்கமானது. கியூபெக்குக்கு வெளியே எண்ணிக்கை தேய்ந்தது தற்செயலும் அன்று. மானிடோபா 1890-இல் பிரெஞ்சின் ஆட்சிமொழித் தகுதியைப் பறித்தது. ஒன்டாரியோ 1912-இல் பள்ளிகளில் பிரெஞ்சுக் கல்வியைக் கட்டுப்படுத்தியது. மானிடோபா ஆங்கிலத்தில் மட்டுமே இயற்றிய சட்டங்கள் செல்லாது என்று அந்நாட்டு உச்ச நீதிமன்றம் சொல்ல 1985 வரை ஆனது. அதற்குள் மூன்று நான்கு தலைமுறைகள் வீட்டிலேயே ஆங்கிலத்துக்கு மாறிவிட்டிருந்தன.

1963-இல் அமைக்கப்பட்ட ஆணையம் ஒன்றின் பரிந்துரைகளைத் தொடர்ந்து, பியர் ட்ரூடோ பிரதமராக இருந்தபோது 1969-இல் ஆட்சிமொழிகள் சட்டம் வந்தது. எல்லாக் குடிமக்களும் இரு மொழி கற்க வேண்டும் என்று அச்சட்டம் சொல்லவில்லை; ஆங்கிலம், பிரெஞ்சு இரண்டில் குடிமகன் எந்த மொழியில் கேட்கிறானோ அந்த மொழியில் மத்திய அரசு பதில் சொல்ல வேண்டும் என்றது. சுமை அரசின் மீது, உரிமை ஆளுக்கு. கியூபெக் இந்த ஏற்பாட்டில் நிறைவடையவில்லை. ஆளுக்கு உரிமை கொடுத்தால் வலுத்த மொழிதான் வெல்லும், மண்ணுக்கு மொழி வேண்டும் என்பது அதன் வாதம். அதனால் 1974-இல் பிரெஞ்சை மாகாணத்தின் ஒரே ஆட்சிமொழியாக்கி, 1977-இல் 101-ஆம் சட்டமுன்வடிவின் வழியே குடியேறியவர்களின் பிள்ளைகளை அரசுப் பணத்தில் நடக்கும் பிரெஞ்சுப் பள்ளிகளுக்குத் திருப்பியது. 2022-இல் வந்த 96-ஆம் சட்டமுன்வடிவு இன்னும் இறுக்கியது: சில விதிவிலக்குகள் நீங்கலாக, புதிதாகக் குடியேறியவரோடு ஆறு மாதத்துக்குப் பின் மாகாண அரசு பிரெஞ்சில் மட்டுமே பேசும். மாகாண அளவில் இரு மொழிகளையும் ஆட்சிமொழியாக ஏற்ற ஒரே மாகாணம் நியூ பிரன்ஸ்விக். இதையும் கியூபெக்கையும் விட்டால் பெரும்பாலான இடங்களில் கடைத்தெருவில் பிரெஞ்சு கேட்பது அரிது.

நம் வகுப்பறைச் சுவரில் ஈஃபில் கோபுரமும், பக்கத்தில் கியூபெக் நகரத்துப் பழைய ஓட்டலும் படமாகத் தொங்குகின்றன. ஈஃபில் கோபுரத்தை விட்டுவிடலாம், அலங்காரம். கியூபெக் படம்தான் தவறான வழியைக் காட்டுகிறது. இங்கே படிக்கும் பெரும்பாலோர் குறிவைக்கும் எக்ஸ்பிரஸ் என்ட்ரி முறை (வயது, படிப்பு, மொழி போன்றவற்றுக்குப் புள்ளி போட்டு, புள்ளி அதிகமுள்ளவர்களைச் சுற்றுச் சுற்றாக அழைக்கும் முறை), கியூபெக்குக்கு வெளியே குடியேறுவோருக்கானது. 1991 ஒப்பந்தப்படி கியூபெக் தனக்கான தொழில்முறைக் குடியேறிகளைத் தானே தேர்ந்தெடுக்கிறது. அதற்கு வேறு விண்ணப்பம், வேறு விதிகள். பிரெஞ்சு தேர்ந்தவர்களை மத்திய அரசு அழைப்பது, பிரெஞ்சு தேய்ந்துபோன மற்ற மாகாணங்களுக்குத்தான். 2023 ஜூனில் திருத்தப்பட்ட ஆட்சிமொழிச் சட்டம், கியூபெக்குக்கு வெளியே பிரெஞ்சு பேசும் மக்களின் விகிதத்தை 1971-இல் இருந்த அளவுக்கு மீட்க வேண்டும் என்ற இலக்கோடு குடியேற்றக் கொள்கை வகுக்கச் சொல்கிறது. அடுத்த மாதமே பிரெஞ்சு அறிந்தோருக்கான தனிச் சுற்றுகள் தொடங்கின. கியூபெக்குக்கு வெளியே குடியேறுவோரில் பிரெஞ்சு பேசுவோர் 2024-இல் 6 சதவீதம், 2025-இல் 8.5 சதவீதம் என்று இலக்கு வைத்தார்கள். ஆக, மானிடோபாவின் வின்னிபெக்கிலோ நியூ பிரன்ஸ்விக்கின் மாங்டனிலோ பிரெஞ்சு பேசுவோரின் விகிதம் குறைந்துபோனதற்கு ஈடாகத்தான் கீழக்கரைக்கு அழைப்பு வருகிறது. இதைச் சொல்லிக்கொடுத்தால், போன பிறகு எந்த ஊரில் வேலை தேடுவது என்ற திட்டமாவது மாணவருக்கு இருக்கும்.

பலன் இருப்பது உண்மை. கேட்டல், பேச்சு, வாசிப்பு, எழுத்து ஆகிய நான்கு திறன்களிலும் என்சிஎல்சி (பிரெஞ்சுத் திறனுக்குக் கனடா வைத்திருக்கும் அளவுகோல்) 7 பெற்று, ஆங்கிலத்திலும் குறைந்தது 5-ஆம் நிலை காட்டினால் 50 கூடுதல் புள்ளிகள் கிடைக்கும். அதைவிடப் பெரியது தனிச் சுற்று: 2024-இல் பொதுச் சுற்றுகள் 500-ஐத் தாண்டி நின்றபோது, பிரெஞ்சுச் சுற்றுகள் சிலவற்றில் 400-க்கும் கீழே உள்ளவர்களையும் அழைத்தார்கள். முப்பதைக் கடந்தபின் வயதுப் புள்ளி ஆண்டுதோறும் குறைந்துகொண்டே வரும் வளைகுடாக்காரருக்கு இது சிறிய வாசல் அன்று. ஆனால் அந்த வாசலின் அளவைத் தீர்மானிப்பது ஆண்டுக்கொரு முறை அங்கே அறிவிக்கப்படும் திட்டம். அரசு மாறினாலும், குடியேற்ற எண்ணிக்கையை வெட்டினாலும் அளவு மாறும். தேர்வு மதிப்பெண்ணுக்கோ ஆயுள் இரண்டு ஆண்டுதான். “பிரெஞ்சு இருந்தா பிஆர் (நிரந்தரமாகத் தங்கும் உரிமை) உறுதி” என்று வரவேற்பறையில் சொல்வது வியாபாரப் பேச்சு.

மண்டபத்து அகதிகள் முகாமில் பிறந்து வளர்ந்த ஒரு தோழி, டொராண்டோவில் இவ்வளவு தமிழர்கள் இருந்தும் தமிழுக்கு அங்கே என்ன இடம் என்று கேட்டார். அதையும் மையம் கடந்துபோனது. 1971-இல் அறிவித்த பல்பண்பாட்டுக் கொள்கை, இருமொழிச் சட்டகத்துக்கு உள்ளே என்றே தொடங்குகிறது. ஜனவரியைத் தமிழ் மரபுத் திங்களாகக் கொண்டாட 2016-இல் கனடா நாடாளுமன்றக் கீழவை தீர்மானம் நிறைவேற்றியது. பெருமைதான்; மத்திய அரசு அலுவலகத்தில் தமிழில் பதில் கேட்கும் உரிமை அதில் வராது.

சேர விரும்புவோருக்கு: பேச்சுப் பயிற்சிக்காக இந்த மையத்தில் தாராளமாகச் சேரலாம். நான்கு நிலைகளுக்கும் மொத்தமாகப் பணம் கட்டாதீர்கள். ஏ2 வரை கட்டிப் பாருங்கள், அதற்கு மேல் நிலைவாரியாகக் கட்ட அனுமதிக்கிறார்கள், கேட்டால்தான் சொல்வார்கள். எழுத்துப் பயிற்சியில் திருத்தம் தாமதமாகத்தான் வரும். மாலை வகுப்பில் கூட்டம் அதிகம், வாய் திறக்க முறை வருவதற்குள் நேரம் முடிந்துவிடும். காலை வகுப்பைக் கேளுங்கள். கியூபெக் போகத்தான் விருப்பம் என்றால் அதைச் சேரும் அன்றே சொல்லிவிடுங்கள். அதற்குரிய விண்ணப்ப முறை பற்றி இங்கே யாரும் வழிகாட்டுவதில்லை.