சித்திரகுப்தன் எழுதும் முடிவு: மூன்று திகில் கேம்கள், மூன்று விதக் கணக்கு

"அக்கா, நான் என்ன தப்பு பண்ணேன்?"

விடிகாலை நாலே முக்காலுக்குத் தம்பி என்னை எழுப்பிக் கேட்டது இது. பெங்களூர் அல்சூரில் எங்கள் வீட்டு ஹாலில் டிவி எரிந்துகொண்டிருந்தது. 'சைலன்ட் ஹில் 2' ரீமேக்கின் பெயர்ப்பட்டியல் மேலே ஏறிக்கொண்டிருந்தது. பத்து நாளாக ஒரே கேமை இருவரும் தனித்தனி சேவில் (ஆட்டம் எதுவரை வந்தது என்று கேம் சேமித்துவைக்கும் பதிவு) ஆடிவந்தோம். எனக்கு இரண்டு நாள் முன்பே முடிந்துவிட்டது. கேமின் நாயகன் ஜேம்ஸ், என் ஆட்டத்தில் லாரா என்ற சிறுமியோடு அந்த ஊரைவிட்டு நடந்து வெளியேறினான். தம்பியின் ஜேம்ஸ் காரை ஏரிக்குள் விட்டுவிட்டான்.

இருவரும் நடந்தது ஒரே தெருக்களில். அடித்தது ஒரே உருவங்களை. எந்த இடத்திலும் 'இதுவா, அதுவா' என்று கேம் எங்களை நிறுத்திக் கேட்கவில்லை. பிறகு எப்படி முடிவு மட்டும் மாறியது? அந்தக் கேள்வியில் தொடங்கிய பேச்சு, அடுத்த சில வாரங்களில் இன்னும் இரண்டு கேம்களை எடுத்து ஆட வைத்தது. ஒன்று 'அன்டில் டான்'. இன்னொன்று 'ஸ்லே தி பிரின்சஸ்'. மூன்றும் மனத் திகில் வகை, மூன்றிலும் முடிவுகள் பல. ஆனால் நாம் செய்ததை எடைபோடும் விதம் மூன்றிலும் மூன்று மாதிரி. அதைத்தான் இங்கே பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கிறேன். மூன்றின் கதை ரகசியங்களும் வெளியே வரும். ஆடாதவர்கள் ஆடிவிட்டு வாருங்கள்.

'சைலன்ட் ஹில் 2' முதலில் 2001-ல் பிளேஸ்டேஷன் 2-க்கு வந்தது. ஜப்பானின் கொனாமி நிறுவனத்துக்குள் இருந்த ஒரு குழு செய்தது. போலந்தின் புளூபர் டீம் மறுபடி செய்த வடிவம் 2024 அக்டோபரில் வந்தது. ஜேம்ஸ் சண்டர்லேண்டுக்கு, இறந்துபோன மனைவி மேரியிடமிருந்து ஒரு கடிதம் வருகிறது. 'நம்முடைய இடத்தில் காத்திருக்கிறேன்' என்ற அந்த வரியை நம்பி, பனி மூடிய ஊருக்குள் அவளைத் தேடிப் போகிறான். நோயில் படுத்த மேரியைத் தலையணையால் அழுத்திக் கொன்றது தானேதான் என்பது கடைசியில்தான் அவனுக்கு நினைவு வருகிறது.

இந்த ஊரில் ஒரு சித்திரகுப்தன் இருக்கிறான். நாம் என்ன செய்தாலும் வாயைத் திறக்காமல் ஏட்டில் எழுதிக்கொண்டே இருக்கிறான். அடிபட்டதும் மருந்து குடித்தாயா, ரத்தம் சொட்டச் சொட்ட நடந்தாயா? பையில் இருக்கும் மேரியின் போட்டோவையும் கடிதத்தையும் எத்தனை முறை எடுத்துப் பார்த்தாய்? ஏஞ்சலா என்ற பெண் விட்டுப்போன கத்தியை எத்தனை முறை பார்த்தாய்? மேரியின் சாயலில் வரும் மரியாவோடு ஒட்டி நடந்தாயா, அவளை விட்டு ஓடினாயா? இவ்வளவுக்கும் புள்ளி உண்டு. திரையில் எதுவும் தெரியாது.

அந்தக் கத்தி ஒன்று போதும், இந்த வடிவமைப்பின் நுட்பத்தைச் சொல்ல. அதை ஆயுதமாகப் பிடிக்க முடியாது. எந்தக் கதவையும் அது திறக்காது. பையைத் திறந்து அதை எடுத்துப் பார்க்கலாம், அவ்வளவுதான். பயன் இல்லாத ஒரு பொருளை ஒருவன் திரும்பத் திரும்ப எடுத்துப் பார்க்கிறான் என்றால் அவன் மனம் எங்கே கிடக்கிறது என்று கேம் தானாகவே ஊகித்துக்கொள்கிறது. ஆடுகிறவர் புதிருக்குத் துப்பு கிடைக்குமா என்றுதான் பார்த்திருப்பார். கணக்கில் ஏறுவது வேறாக.

தம்பியின் சேவைத் திறந்து பார்த்தேன். பையில் ஹெல்த் டிரிங்க் பாட்டில்கள் இருபதுக்கும் மேல். ஊசிகளும் தொடப்படாமல் இருந்தன. ஜேம்ஸ் முக்கால்வாசி நேரம் குற்றுயிராகத்தான் நடந்திருக்கிறான். ஏன்டா குடிக்கலை என்று கேட்டேன்.

"பின்னாடி தேவைப்படும்னு வச்சிருந்தேன்கா."

அப்பா படுக்கையில் கிடந்த இரண்டு வருஷமும் மாத்திரை அட்டைகளை எண்ணி வைத்தது அவன்தான். மாசக் கடைசிக்கு எத்தனை மிஞ்சும், எதைப் பாதியாக உடைக்கலாம் என்று காலண்டர் பின்புறத்தில் பென்சிலால் எழுதி வைப்பான். அந்தக் கை இப்போதும் எதையும் மிச்சம் பிடிக்கிறது. கேமுக்கு அது எப்படித் தெரியும்? உயிர்மேல் ஆசை விட்டவன் என்று எழுதிக்கொண்டது.

இது நியாயமா என்று இரண்டு நாள் சண்டை போட்டோம். சிக்கனத்தையும் விரக்தியையும் பிரித்துப் பார்க்கத் தெரியாத கணக்கு கோளாறான கணக்குதான், ஒப்புக்கொள்கிறேன். ஆனாலும் மூன்றில் இதைத்தான் நான் முதலில் வைப்பேன். யாரும் பார்க்கவில்லை என்று நினைத்துச் செய்த காரியங்களிலிருந்து முடிவு வருகிறது. 'நான் அப்படி நினைக்கவே இல்லையே' என்று மறுக்கத் தோன்றுகிறது. மறுத்த கையோடு, அப்படியும் இருந்திருக்குமோ என்ற சந்தேகம் வருகிறது. ஜேம்ஸுக்கு நடப்பதும் அதுவேதானே? தான் செய்ததைத் தானே அறியாதவன் கதைக்கு, தான் செய்ததை அறியாமலே ஆடுகிறவர் சம்பாதிக்கும் முடிவுதான் பொருந்தும்.

மற்ற முடிவுகளையும் சொல்லவேண்டும். மரியாவோடு நெருங்கியே இருந்தால் அவளோடு ஊரைவிட்டுக் கிளம்பலாம். கிளம்பும்போது அவள் இருமுகிறாள். அந்த இருமலைக் கவனிக்கச் சொல்கிறான் ஜேம்ஸ். மேரியின் நோய் மறுபடி தொடங்குகிறது என்று யாரும் வாய்விட்டுச் சொல்வதில்லை. அந்த ஒரு இருமல் சொல்லிவிடுகிறது. ஒரு முறை முடித்து மறுபடி ஆடுபவர்கள் நான்கு பொருட்களைச் சேர்த்தால், மேரியை உயிர்ப்பிக்கப் படகில் தீவுக்குப் போகும் முடிவு உண்டு. எல்லாவற்றுக்கும் பின்னால் இருந்தது ஒரு நாய் என்று காட்டும் வேடிக்கை முடிவும் உண்டு. ரீமேக்கில் புதிதாக இரண்டு சேர்ந்து மொத்தம் எட்டு. என்னைப் பொறுத்தவரை கிளம்புவது, தண்ணீர், மரியா ஆகிய மூன்றுதான் கேமின் உயிர். மற்றவை பிரியர்களுக்கான பலகாரம்.

அடுத்தது 'அன்டில் டான்'. இங்கிலாந்தின் சூப்பர்மாசிவ் கேம்ஸ் செய்தது, 2015-ல் வெளிவந்தது. பனிமலை மேல் ஒரு பங்களா, எட்டு இளைஞர்கள், ஒரு ராத்திரி. ஒரு வருஷம் முன்பு அதே இடத்தில் காணாமல்போன இரட்டைச் சகோதரிகளின் நினைவு. பொழுது விடியும்போது எத்தனை பேர் மிஞ்சுவார்கள் என்பது நம் கையில்.

இங்கே சித்திரகுப்தன் ஒலிபெருக்கியில் பேசுகிறான். முக்கியமான தேர்வு ஒன்றைச் செய்ததும் திரை மூலையில் பட்டாம்பூச்சிகள் படபடக்கும். 'இப்போது செய்தது பின்னால் வரும்' என்று அர்த்தம். எது எதனால் நடந்தது என்று மெனுவில் வரிசையாகப் படிக்கலாம். கேம் தானாகவே சேமிக்கும் ஆட்டோசேவ் பழையதன் மேலேயே எழுதுவதால் போனவர் போனவர்தான். பின்னால் போய்த் திருத்த வழி இல்லை. இந்தக் கண்டிப்பு எனக்குப் பிடிக்கும்.

இதில் ஓர் இடம் என்னை விட்டுப் போகவே இல்லை. கிறிஸ் கையில் ஒரு துப்பாக்கி. எதிரே ஆஷ்லி. இருவரில் ஒருவர்தான் பிழைக்கலாம், யாரைச் சுடுவது என்று முகமூடிக்காரன் கேட்கிறான். கிறிஸ் ஆஷ்லியை நோக்கிச் சுட்டால் ஒன்றும் ஆகாது. வெற்றுத் தோட்டா. இருவரும் பிழைக்கிறார்கள், கதை நகர்கிறது. பின்னால் ஒரு நேரம், கொடூர உருவம் துரத்த கிறிஸ் ஓடிவந்து பங்களாக் கதவைத் தட்டுகிறான். உள்ளே ஆஷ்லி நிற்கிறாள். பார்க்கிறாள். திறப்பதில்லை.

மூன்று கேம்களிலும் சேர்த்து, ஒரு தேர்வுக்கு வந்த பதிலில் இதைவிடக் கூர்மையானது இல்லை. ஆஷ்லிக்கு ஒரு மனசு இருந்தது, அதில் ஒரு காயம் இருந்தது, சமயம் வந்ததும் அது பேசியது. 'அன்டில் டான்' முழுக்க இப்படியே இருந்திருந்தால் முதலிடம் இதற்குத்தான் கொடுத்திருப்பேன்.

அப்படி இல்லை. கிளைகள் விரிந்து தெரிந்தாலும் அடிமரம் ஒல்லி. எட்டுப் பேரில் சாமும் மைக்கும் கடைசி அத்தியாயம் வரைக்கும் சாகவே முடியாது. என்ன தப்புச் செய்தாலும் கேமே தாங்கிப் பிடிக்கிறது. அந்த இரட்டையரின் சகோதரன் ஜாஷை மனிதனாக மீட்டு வீட்டுக்கு அனுப்ப 2015 வடிவத்தில் வழியே கிடையாது. முடிவு என்பது கடைசியில் ஒரு வருகைப் பதிவேடு ஆகிவிடுகிறது: யார் இருக்கிறார், யார் இல்லை. தனியாக ஆடியபோது எனக்கு அது கொஞ்சம் வறண்டே தெரிந்தது.

கூட்டமாக ஆடினால் கதை வேறு. ஜாலஹள்ளியிலிருந்து பெரியம்மா மகளும் அவள் கூட வேலை பார்க்கும் இரண்டு பேரும் ஒரு சனிக்கிழமை வந்தார்கள். ஆளுக்கு இரண்டு பாத்திரம் என்று பிரித்துக்கொண்டோம். இந்தக் கேமில் 'அசையாதே' என்று ஒரு கட்டம் வரும். கன்ட்ரோலரைக் கையில் துளிகூட ஆடாமல் பிடிக்கவேண்டும். உள்ளே இருக்கும் சென்சார் நம் நடுக்கத்தை அளக்கும். கடைசிக் கட்டத்தில் சாமோடு பெரியம்மா மகள் உட்கார்ந்திருக்கிறாள். முழங்கைகளைத் தொடையில் ஊன்றி, கன்ட்ரோலரை இரண்டு உள்ளங்கையாலும் ஏந்தியிருக்கிறாள். மூச்சை அடக்கியதில் கழுத்து நரம்பு புடைத்துத் தெரிகிறது. யாரும் பேசவில்லை. அப்போது எங்கள் அடுக்களையில் குக்கர் விசில் அடித்தது. அவள் தோள் ஒரு தரம் தூக்கிப்போட்டது. சாம் போய்விட்டாள். யாருக்கும் வாய் வரவில்லை. "நான் கொன்னுட்டேன்ல" என்று அவள் கேட்டது சாதாரணக் குரலில் இல்லை. ராத்திரி சாப்பிடும்போதும் அதையேதான் பேசினாள்.

அதே நிறுவனம் செய்த 'தி குவாரி' 2022-ல் வந்தது, 186 முடிவுகள் என்று சொன்னார்கள். எண்ணிக்கை பெருகினால் பயம் பெருகாது என்பதற்கு அதையே காட்டலாம். ஆடினேன், ஒரு முடிவுகூட நெஞ்சில் நிற்கவில்லை.

'ஸ்லே தி பிரின்சஸ்' கனடாவைச் சேர்ந்த ஒரு தம்பதி, பிளாக் டாபி கேம்ஸ் என்ற பெயரில் 2023 அக்டோபரில் வெளியிட்டது. பென்சிலால் வரைந்த படங்களும் குரல்களும்தான் கேம் மொத்தமும். காட்டுப் பாதையில் நிற்கிறோம். பாதை முடிவில் ஒரு குடில், அதன் நிலவறையில் ஓர் இளவரசி. அவளைக் கொல்லாவிட்டால் உலகம் அழியும் என்கிறது ஒரு குரல். கத்தி மேஜைமேல் இருக்கிறது. எடுப்பதா வேண்டாமா?

எதைச் செய்தாலும் மறுபடி அதே பாதையில் வந்து நிற்போம். வேதாளம் முருங்கை மரம் ஏறுகிற மாதிரி. ஆனால் போன முறை நாம் அவளை எப்படிப் பார்த்தோமோ அப்படி அவள் மாறியிருப்பாள். பயந்து ஓடினால் அடுத்த முறை கொடுங்கனவாக வருவாள். குத்திக் கொன்றால் ஆவியாக மிதந்து வருவாள். அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய் என்ற நம் ஊர்ப் பழமொழியை அப்படியே விதியாக எழுதிவைத்த மாதிரி இருக்கிறது. இங்கே தப்பான முடிவு என்று எதுவும் இல்லை. ஐந்து விதமான அவளைச் சேர்த்த பிறகுதான் கதையின் உண்மை திறக்கிறது. ஒவ்வொரு தோல்வியும் அந்தச் சேர்ப்பில் ஒரு பங்கு.

முதல் சுற்றிலேயே குரல் சொன்னபடி கேள்வி கேட்காமல் கொன்றுவிட்டால் என்ன ஆகும் தெரியுமா? உலகம் பிழைத்தது என்று பாராட்டு வரும். வெளியே ஒன்றும் இருக்காது. வெறும் சூனியம். அந்தக் குடிலிலேயே சந்தோஷமாக இரு என்கிறது குரல். சரி என்று ஒத்துக்கொண்டால் அதையே நல்ல முடிவு என்று சொல்லிக் கேம் முடிந்துவிடும். மூன்று கேம்களிலும் எனக்கு உடம்பு சில்லிட்டது இங்கேதான். சொன்னதைக் கேட்டு நடந்ததற்கு இப்படி ஒரு பரிசு.

எழுத்தில் மூன்றிலும் மேலானது இதுவே. குறை என்று பார்த்தால், மூன்றாவது சுற்றுக்குமேல் பயம் கரைந்து பாசம் வந்துவிடுகிறது. சாவு என்பது திரும்பவும் பாதையில் நிற்பதுதான் என்று தெரிந்தபின் கை நடுங்குவதில்லை. அடுத்து அவள் எப்படி வருவாள் என்ற ஆவல்தான் மிஞ்சுகிறது. அந்த ஆவல் உயர்ந்தது, ஆனால் திகில் இல்லை.

இந்த வரிசையில் 2017-ன் 'டோக்கி டோக்கி லிட்டரேச்சர் கிளப்' கட்டாயம் வரவேண்டும் என்று பெரியம்மா மகள் சொன்னாள். கம்ப்யூட்டரில் உள்ள ஒரு ஃபைலை நாமே போய் அழித்தால்தான் கதை நகரும் என்ற அந்தத் தந்திரம் பிரமாதம். ஒரு முறைதான் பலிக்கும் என்பதால் விட்டுவிட்டேன்.

எதை முதலில் வாங்குவது என்று கேட்பவர்களுக்கு என் பதில் இது. வீட்டில் நாலு பேர் கூடுகிற ஞாயிற்றுக்கிழமை என்றால் 'அன்டில் டான்', அடுப்பை அணைத்துவிட்டு. தனியாக, படித்துக்கொண்டே ஆடப் பிடிக்கும் என்றால், சுமாரான லேப்டாப்தான் இருக்கிறது என்றாலும், 'ஸ்லே தி பிரின்சஸ்'. 'சைலன்ட் ஹில் 2' ஆடப்போகிறவர்கள் முதல் தடவை எந்த வழிகாட்டி வீடியோவையும் தொடாதீர்கள். வரும் முடிவு எதுவானாலும் அது உங்களுடையது. வீட்டில் நீண்ட நோயும் சாவும் சமீபத்தில் பார்த்தவர்கள் கொஞ்ச காலம் தள்ளிப் போடுங்கள், தம்பிக்கு அதைச் சொல்ல எனக்குத் தோன்றாமல் போய்விட்டது.

அவன் பொங்கல் லீவில் மறுபடி முதலிலிருந்து ஆடினான். இந்த முறை விதிகள் எல்லாம் தெரியும். கீறல் பட்டாலே பாட்டிலைத் திறந்தான். கத்தியைத் தொடவே இல்லை. மேரியின் கடிதத்தை மணிக்கு ஒரு தரம் எடுத்துப் பார்த்தான். ஜேம்ஸ் லாராவோடு வெளியே நடந்தான், எனக்கு வந்த அதே காட்சி. தம்பி கன்ட்ரோலரை வைத்துவிட்டான்.

"இது பாத்து எழுதின பரீட்சைக்கா."

ஹார்ட் டிஸ்கில் இடம் இல்லை என்று போன வாரம் அந்த இரண்டாவது சேவை அழித்தான். இருபது பாட்டில் இருக்கிற முதல் சேவ் அப்படியே இருக்கிறது.