நள்ளிரவு டாக் ஷோ: எந்தப் படத்தைப் பார்க்கலாம்?

இரவு நேர டாக் ஷோவைச் சுற்றிய இரண்டு வில்லங்கமான படங்கள். மார்ட்டின் ஸ்கோர்செஸியின் 'தி கிங் ஆஃப் காமெடி' (1982) ஒன்று. கெய்ர்ன்ஸ் சகோதரர்கள் ஆஸ்திரேலியாவில் எடுத்த 'லேட் நைட் வித் தி டெவில்' (2023) இன்னொன்று.

சோதனை முயற்சி என்று பார்த்தால் இரண்டாவதுதான். 1977 ஹாலோவீன் இரவில் ஒளிபரப்பான நிகழ்ச்சியின் பதிவு என்ற பாவனையில் படம் நகர்கிறது. விளம்பர இடைவேளை வந்ததும் நிறம் போய்க் கறுப்பு வெள்ளை. மேடைக்குப் பின்னால் நடக்கும் பேரமும் பதற்றமும் அப்போதுதான் தெரியும். ரேட்டிங்குக்காகத் தொகுப்பாளர் ஜாக் டெல்ராய் எதுவரை போவார் என்பதுதான் கதை. கடைசிப் பகுதியில் அந்தப் பதிவுப் பாவனை நழுவுவது எனக்கு உறுத்தல்.

ஸ்கோர்செஸி படத்தில் பேய் கிடையாது, ஆனால் இன்னும் பயமாக இருக்கும். ராபர்ட் டி நீரோவின் ரூபர்ட் பப்கின், அட்டையில் வெட்டிய பிரபலங்களுக்கு நடுவே உட்கார்ந்து டாக் ஷோ விருந்தினராக அரட்டை அடிக்கிறான்; சத்தத்தைக் குறைக்கச் சொல்லி அம்மா கத்துகிறார். சிரிப்பதா, நெளிவதா? அப்புறம் நிஜத் தொகுப்பாளரையே கடத்துகிறான். மேடையை விட்டிறங்கினால் முகம் இறுகிவிடும் அந்தத் தொகுப்பாளராக, நகைச்சுவைக்குப் பேர்போன ஜெர்ரி லூயிஸ்! வெளியானபோது வசூலில் படுத்த படம் இது.

நண்பர்களோடு சேர்ந்து அலற டெவில் சரி. ஒரே படத்துக்குத்தான் நேரமென்றால் நான் பப்கினைத்தான் கைகாட்டுவேன்.