தில்லியில் "பேய் டூர்" புக் பண்ணப் போகிறீர்களா? 3,996 ரூபாயைத் தொலைத்தவள் எழுதுகிறேன், படித்துவிட்டுப் பணம் கட்டுங்கள்

தில்லியில் இருக்கும் நம்மவர்களுக்கும், லீவுக்கு ஊரிலிருந்து தில்லி வரப்போகிறவர்களுக்கும் இந்தப் பதிவு. காஷ்மீரி கேட் பக்கம் இருக்கும் பழைய வெள்ளைக்காரர் கல்லறைத் தோட்டங்களுக்கு ராத்திரியில் கூட்டிப்போய்ப் பேய்க்கதை சொல்கிறோம், தலைக்கு 999 ரூபாய்தான் என்று ஒரு விளம்பரம் சுற்றுகிறது. நாங்கள் நாலு பேர், 3,996 ரூபாய் கட்டினோம். ஒரு கல்லறையைக்கூடப் பார்க்கவில்லை. பூட்டிய கேட் இரண்டைப் பார்த்துவிட்டு வந்தோம். போன சனிக்கிழமை நடந்தது, இன்னும் வயிறு எரிகிறது. கம்பெனி பேரைப் போடாதே, வக்கீல் நோட்டீஸ் அது இது என்று வம்பு வரும் என்று வீட்டில் சொல்லிவிட்டார்கள். அதனால் பேர் இல்லாமல் நடந்ததை மட்டும் எழுதுகிறேன். இந்த மாதிரி டூருக்குப் போகிறவர்கள் என்னென்ன பார்க்க வேண்டும் என்பதையும் கடைசியில் விவரமாகச் சொல்கிறேன்.

அக்காவும் அவள் மகனும் திருநெல்வேலியிலிருந்து வந்திருந்தார்கள். பையன் பிளஸ் டூ முடித்திருக்கிறான். 1857 சிப்பாய்க் கலகம் என்றால் அவனுக்கு உயிர், பேய்க்கதையும் பிடிக்கும். சினிமா, கச்சேரி, டூர் எல்லாவற்றுக்கும் டிக்கெட் விற்கும் ஒரு செயலியில் இதைப் பார்த்துவிட்டு, "சித்தி, இதுக்குப் போலாமா?" என்று கேட்டான். நிக்கல்சன் கல்லறைத் தோட்டத்துக்குள் முக்கால் மணி நேரம், லோதியன் சாலைக் கல்லறைத் தோட்டத்துக்குள் முக்கால் மணி நேரம், பயிற்சி பெற்ற வரலாற்று வழிகாட்டி, ஆவியைக் கண்டுபிடிக்கும் கருவி, இஞ்சி டீ, முடிந்ததும் திரும்ப மெட்ரோ வாசலில் விடுவது. ராத்திரி 8 மணியிலிருந்து 11.30 வரை. எல்லாம் எழுத்தில் இருந்தது, ஸ்க்ரீன்ஷாட் வைத்திருக்கிறேன்.

பணம் கட்டுவதற்கு முன்னால் அதிலிருந்த நம்பருக்கு ஃபோன் போட்டேன். இந்தியில்தான் ஆரம்பித்தேன். நான் பேசுவதைக் கேட்டதும் எதிர்ப்பக்கத்திலிருந்து, "அக்கா தமிழா? நானும் சேலம்தான்கா" என்று குரல் வந்தது. தில்லியில் குடும்பம் நடத்துகிறவர்களுக்கு அது எப்படி இருக்கும் என்று தெரியும். ஆட்டோக்காரரிலிருந்து பிளம்பர் வரை எல்லோரிடமும் இந்தியில் மல்லுக்கட்டிவிட்டு, முகம் தெரியாத ஒருவர் அக்கா என்று கூப்பிட்டால் மனசு இளகிவிடும். அப்படியும் நான் கேட்க வேண்டியதைக் கேட்டேன். "ராத்திரியில உள்ளே விடுவாங்களா தம்பி? அதெல்லாம் பூட்டிடுவாங்களே?" என்றேன். "நமக்கு ஸ்பெஷல் பர்மிஷன் இருக்குக்கா. நம்ம ஊர்க்காரங்களைப் போய் ஏமாத்துவேனா? லெட்டரே அனுப்புறேன் பாருங்க" என்றான். சொன்ன மாதிரியே அடுத்த நிமிஷம் வட்ட முத்திரை குத்திய ஒரு கடிதத்தின் படம் வாட்ஸ்அப்பில் வந்தது. அக்காவுக்கு பிபி இருக்கிறது, திடீரென்று பயமுறுத்துவது மாதிரி எதுவும் இருக்குமா என்றும் கேட்டேன். "சேச்சே, இது ஹிஸ்டரி வாக்குக்கா" என்றான். அந்த வார்த்தையை நம்பித்தான் 3,996 ரூபாயைக் கட்டினேன்.

சனிக்கிழமை 8 மணிக்குக் காஷ்மீரி கேட் மெட்ரோ வாசலில் நின்றோம். எங்களை மாதிரியே இன்னும் பதினைந்து இருபது பேர் வந்திருந்தார்கள். வழிகாட்டி வந்தபோது எட்டே முக்கால். தமிழ் பேசினவன் வரவே இல்லை. வந்தது வேறு ஒரு பையன், கழுத்தில் அடையாள அட்டை எதுவும் கிடையாது, கையில் ஒரு ப்ளூடூத் ஸ்பீக்கர். நேராக நிக்கல்சன் கல்லறைத் தோட்டத்து வாசலுக்குக் கூட்டிப்போனான். பெரிய பூட்டு தொங்கியது. உள்ளேயிருந்து சௌகிதார், அதாவது காவலாளி, டார்ச் அடித்துக்கொண்டு வந்தார். ராத்திரியில் யாரையும் விட மாட்டோம், போங்கள் என்றார். நான் என் ஃபோனிலிருந்த கடிதத்தைக் கம்பி வழியாகக் காட்டினேன். கண்ணைச் சுருக்கிக்கொண்டு பார்த்துவிட்டு, இது எங்கள் முத்திரையே இல்லை, இந்தக் காகிதத்தைக் காட்டிக்கொண்டு இதற்கு முன்னாலும் கூட்டம் வந்திருக்கிறது என்று சொன்னார். வழிகாட்டி எங்கேயோ பார்த்துக்கொண்டு நின்றான்.

இங்கேதான் எனக்குக் கோபம் தலைக்கேறுகிறது. கதவு திறக்காது என்று பணம் வாங்கும்போதே அவர்களுக்குத் தெரியும். முன்பு வந்த கூட்டத்தையும் இதே வாசலில் நிறுத்தியிருக்கிறார்கள்.

"வெளியிலிருந்தே ஃபீல் பண்ணலாம்" என்று சொல்லிவிட்டுக் கதையை ஆரம்பித்தான். நிக்கல்சன் என்ற வெள்ளைக்காரத் தளபதி காதல் தோல்வியில் தன் தலையில் தானே சுட்டுக்கொண்டாராம், தலையில்லாத முண்டமாக இன்னும் சுற்றுகிறாராம். அக்கா மகன் பொறுக்க முடியாமல், "அது வேற ஆளோட கதைங்க" என்றான். அவன் சொன்னதுதான் சரி. தலையில்லாத வெள்ளைக்காரன் கதையை லோதியன் கல்லறைத் தோட்டத்தோடு சேர்த்துத்தான் இங்கே சொல்வார்கள், அதில் வருகிறவன் பேர் நிக்கலஸ். ஜான் நிக்கல்சன் 1857 செப்டம்பர் 14ஆம் தேதி, காஷ்மீரி கேட்டை வெடிவைத்துத் தகர்த்த அதே நாள் தாக்குதலில் குண்டடிபட்டு, 23ஆம் தேதி செத்துப்போனவர். தலை தலையாகத்தான் இருந்தது. பேர் கொஞ்சம் ஒத்துப்போகிறது என்று இரண்டையும் ஒட்டிவிட்டான். அதைச் சொன்ன பிள்ளையைப் பார்த்து, "கூகுள் பண்ணிட்டு வந்துட்டியா, நீயே டூர் நடத்து" என்று எல்லோர் முன்னாலும் கத்தினான். பையன் முகம் சுருங்கிவிட்டது. அதற்கப்புறம் அவன் வாயே திறக்கவில்லை.

அங்கிருந்து லோதியன் சாலையில் நடக்க வைத்தான். அந்த ஒரு சாலையில் எவ்வளவு இருக்கிறது தெரியுமா? குண்டு துளைத்த காஷ்மீரி கேட் இருக்கிறது. ஜேம்ஸ் ஸ்கின்னர் என்ற படைத்தளபதி கட்டி 1836இல் திறந்த தேவாலயம் இருக்கிறது, அவரையே அதற்குள்தான் புதைத்திருக்கிறார்கள். கலகக்காரர்கள் கையில் சிக்கக்கூடாது என்று 1857 மே 11ஆம் தேதி வெள்ளைக்காரர்களே வெடிவைத்த ஆயுதக் கிடங்கின் மிச்ச வாசல்கள் நடுரோட்டில் நிற்கின்றன. கலகம் வெடித்துவிட்டது என்று அதே நாளில் அம்பாலாவில் இருந்த வெள்ளைக்காரர் படைக்குத் தந்தி அடித்து எச்சரித்தவர்களுக்காக 1902இல் வைத்த தூண் பக்கத்திலேயே இருக்கிறது. 1857 தெரிந்த ஒருவர் கூட வந்தால் ஒவ்வொரு இடத்திலும் நின்று நின்று பேசலாம். பேயே வேண்டாம், நடந்ததைச் சொன்னாலே உடம்பு சிலிர்க்கும். இவன் ஒன்றையும் காட்டவில்லை, ஃபோனில் பேசிக்கொண்டே முன்னால் போனான்.

லோதியன் கல்லறைத் தோட்டமும் பூட்டித்தான் இருந்தது. 1808இலிருந்து 1867 வரை புதைத்த இடம், தில்லியில் இருக்கும் பழைய கிறிஸ்தவக் கல்லறைத் தோட்டங்களில் ஒன்று. தொல்லியல் துறையின் கையில் இருக்கும் நினைவிடங்களைச் சூரிய உதயத்திலிருந்து அஸ்தமனம் வரைதான் திறந்துவைப்பார்கள், விலக்கு இருப்பது சிலவற்றுக்கு மட்டும்தான். தொழிலாகவே டூர் நடத்துகிறவனுக்கு அது தெரியாதா? அங்கே நின்றுகொண்டு, ஆளுக்கு 200 ரூபாய் தனியாகக் கொடுத்தால் காவலாளியிடம் பேசித் திறக்க வைக்கிறேன் என்றான். என் வீட்டுக்காரர் முடியாது என்று சொல்லிவிட்டார். சிலர் கொடுத்தார்கள். கேட் திறக்கவில்லை, அந்தப் பணமும் திரும்பி வரவில்லை.

அப்புறம் அந்தக் கருவியை எடுத்தான். டிவி ரிமோட் சைஸில் ஒரு பிளாஸ்டிக் பெட்டி, மேலே பச்சை, சிவப்பு விளக்கு. ஆவி வருகிறது, ஆவி வருகிறது என்று சொல்லும்போதெல்லாம் சிவப்பு எரிந்தது. நான் அவனுக்கு இடது பக்கம் நின்றேன். பெட்டியின் ஓரத்தில் ஒரு பித்தான், அவன் கட்டைவிரல் அதை அழுத்துவதையும் விடுவதையும் என் கண்ணால் பார்த்தேன். ஸ்பீக்கரில் கொலுசுச் சத்தமும் பெண் அழுகிற சத்தமும் ஓடின. எல்லோரும் கேட்டைப் பார்த்து நிற்கும்போது, நிறுத்தியிருந்த ஒரு வண்டிக்குப் பின்னாலிருந்து வெள்ளைத் துணி போர்த்திய ஒருத்தன் கத்திக்கொண்டு பாய்ந்தான். நேராக அக்கா மேல். அவள் அப்படியே நடைபாதையில் உட்கார்ந்துவிட்டாள், கை ரெண்டும் ஜில்லிட்டுப் போயிருந்தது. தண்ணீர் கொடுக்கக்கூட அவர்களிடம் ஒன்றும் இல்லை. வழிகாட்டி அதை வீடியோ எடுத்துக்கொண்டிருந்தான். எடுக்காதே என்று என் வீட்டுக்காரர் கையைப் பிடித்ததும், டூர் முடிந்தது என்று அறிவித்துவிட்டு இன்னொருத்தன் பைக்கில் ஏறிப் போய்விட்டான். அப்போது மணி பத்துகூட ஆகவில்லை. டீயும் இல்லை, மெட்ரோவரை துணையும் இல்லை.

மறுநாள் காலையில் நாங்களாகவே நிக்கல்சன் கல்லறைத் தோட்டத்துக்குப் போனோம். அதே சௌகிதார்தான். டிக்கெட் கிடையாது, ஒன்றும் கிடையாது, உள்ளே விட்டார். வாசலுக்குப் பக்கத்திலேயே இரும்புக் கம்பி போட்ட நிக்கல்சன் கல்லறை. கொஞ்சம் உள்ளே போனால் குழந்தைகள் கல்லறைகள். அக்கா ஒவ்வொன்றாகக் குனிந்து பார்த்துக்கொண்டே வந்தாள், மாதக் கணக்கில் வயது செதுக்கிய கற்களும் இருந்தன. பெற்ற பிள்ளையை அன்னிய மண்ணில் புதைத்துவிட்டுப் போன இடம் அது. அதன் வாசலில் நின்று கொலுசுச் சத்தம் போட்டுக் காசு பார்க்கிறார்கள்.

இனி பணம் திரும்பக் கேட்ட கதை. சேலத்துத் தம்பிக்கு ஃபோன் போட்டேன். "அப்படியாக்கா? நான் விசாரிச்சுட்டுக் கூப்பிடுறேன்" என்றான். கூப்பிடவில்லை. மறுபடி போட்டால், "சிஸ்டத்துல டூர் கம்ப்ளீட்டட்னு காட்டுதுக்கா, நான் என்ன பண்ண முடியும்?" என்றான். முத்திரை போலி என்று சௌகிதார் சொன்னதைச் சொன்னதும் அக்கா என்பது மேடம் ஆகிவிட்டது, தமிழ் இந்தி ஆகிவிட்டது. ஆபீஸுக்கு மெயில் போடுங்கள் என்றான். மெயிலுக்கு வந்த பதில்: நிர்வாகக் காரணங்களால் பாதை மாறலாம் என்று விதிமுறையில் இருக்கிறது, பேயைப் பார்ப்பதற்கு நாங்கள் உத்தரவாதம் தரவில்லை. நான் எங்கே பேயைக் கேட்டேன்? காசு வாங்கின கல்லறைத் தோட்டத்தைக் காட்டு என்றுதானே கேட்கிறேன்?

செயலியில் புகார் கொடுத்தால், நாங்கள் டிக்கெட் மட்டும்தான் விற்கிறோம், நடத்துகிறவரைக் கேளுங்கள் என்கிறார்கள். நடத்துகிறவன், பணம் செயலிக்குத்தான் போனது, அங்கே கேளுங்கள் என்கிறான். 3,996 ரூபாய் யார் கையில் இருக்கிறது என்றே இதுவரை ஒருத்தரும் சொல்லவில்லை. கடைசியில் அடுத்த டூருக்கு 20 சதவீதத் தள்ளுபடிக் கூப்பன் அனுப்பினார்கள். நான் எழுதிய விமர்சனம் காணாமல் போயிற்று. இதெல்லாம் போதாது என்று, அக்கா பயந்து உட்கார்ந்த வீடியோவை அவர்கள் பக்கத்தில் விளம்பரமாகப் போட்டிருக்கிறார்கள். எடுக்கச் சொல்லி எழுதினேன், என் நம்பரை பிளாக் செய்துவிட்டார்கள். அக்காவுக்கு இது இன்னும் தெரியாது.

விவரமாக எழுதுகிறேன் என்றேன், இப்போது அதற்கு நிதானமில்லை. முக்கியமானதை மட்டும் சொல்லிவிடுகிறேன். ராத்திரியில் கல்லறைத் தோட்டத்துக்குள் விடுவோம் என்று எவன் சொன்னாலும், பகலில் நேரில் போய்க் காவலாளியிடமோ நிர்வாகத்திடமோ கேளுங்கள், வாட்ஸ்அப்பில் வரும் கடிதத்துக்கு மதிப்பே இல்லை. வழிகாட்டிக்குச் சுற்றுலாத் துறை அடையாள அட்டை இருக்கிறதா என்று பாருங்கள். அங்கே போனபின் தனியாகக் காசு கேட்டால் கொடுக்காதீர்கள். பிபி, இதய நோய் உள்ளவர்களைக் கூட்டிப்போகவே போகாதீர்கள். ஏமாந்தால் 1915க்கு ஃபோன் போடுங்கள், தேசிய நுகர்வோர் உதவி எண் அது. இணையத்தில் விற்கிற கம்பெனி புகாரை 48 மணி நேரத்துக்குள் பெற்றுக்கொண்டதாகச் சொல்ல வேண்டும், ஒரு மாதத்துக்குள் தீர்க்க வேண்டும் என்று 2020 விதி இருக்கிறது. நுகர்வோர் ஆணையத்தில் 5 லட்சம் ரூபாய் வரை வழக்குக்குக் கட்டணமும் இல்லை. நான் 1915இல் பதிவு செய்துவிட்டேன். வீடியோவுக்காகத் தனியாகப் போலீஸில் எழுதிக் கொடுக்கப் போகிறோம்.

இதை எழுதும்போதுகூட அந்த விளம்பரம் செயலியில் ஓடிக்கொண்டிருக்கிறது. இந்தச் சனிக்கிழமைக்குச் சில இடங்களே பாக்கி என்று போட்டிருக்கிறார்கள். தலைக்கு 999, காஷ்மீரி கேட் மெட்ரோ வாசல், ராத்திரி 8 மணி. யாராவது புக் பண்ணியிருந்தால் இன்றைக்கே கேன்சல் பண்ணுங்கள். தமிழில் பேசினான் என்று விட்டுவிடாதீர்கள்.