ட்ரிப்பிள் ஜம்ப் ஸ்பைக்: குதிகாலைக் காக்கிறது, பெண்களின் அளவில்தான் கோட்டை விடுகிறது

போட்டிகளில் இருந்து ஓய்வு பெற்ற பிறகு மும்முறை தாண்டும் பெண் பிள்ளைகளுக்குப் பயிற்சி தருகிறேன். அவர்களுக்காக, இந்தப் போட்டிக்கென்றே செய்யும் ஸ்பைக்கை, அதாவது அடியில் ஆணி வைத்த காலணியை, வாங்கி ஒரு சீசன் போட்டுத் தாண்டவிட்டுப் பார்த்தேன். கணுக்காலை இறுக்கிப் பிடிக்கும் பட்டை வைத்த ரகம் இது.

நீளம் தாண்டும் ஸ்பைக்கே போதாதா என்று பெற்றோர் கேட்கிறார்கள். போதாது. நீளம் தாண்டுதலில் எழும்பும் பலகையான போர்டில் ஒருமுறை காலை ஊன்றி எழும்பினால் அடுத்து மணல்தான். இதில் ஹாப் என்னும் முதல் தாவல் முடிந்து அதே காலிலும், ஸ்டெப் என்னும் இரண்டாவது தாவல் முடிந்து மறு காலிலும் கெட்டித் தரையில் இறங்கி, இறங்கிய வேகத்தில் மறுபடி எழும்ப வேண்டும். ஹாப்பில் இருந்து இறங்கும் நொடியில் உடல் எடையைப் போல் பத்து மடங்குக்கும் மேலான விசை அந்த ஒற்றைக் காலில் விழுகிறது.

நான் தாண்டிய காலத்தில் எனக்குக் கிடைத்தது நீளம் தாண்டும் ஸ்பைக் மட்டும்தான். அதன் குதிகாலில் மெத்தை என்று சொல்ல ஒன்றும் இல்லை. உள்ளே குதிகாலைத் தாங்கும் பிளாஸ்டிக் ஹீல் கப் வைத்துச் சமாளித்தேன். குதிகால் கன்றி, காலையில் எழுந்ததும் சுவரைப் பிடித்து நடந்த நாட்கள் உண்டு. வலியை விட மோசமானது, வலி வரும் என்று உடம்பு கற்றுக்கொள்வது. ஸ்டெப்பை அது தானாகவே குறுக்கிவிடும். என் ஸ்டெப் கடைசி வரை நீளவே இல்லை.

இந்தக் காலணியில் குதிகால் மெத்தை தடிமனாக, ஆனால் இறுக்கமாக இருக்கிறது. அதுதான் சரி. ஓட்டக் காலணி மாதிரி மெத்தென்று அமுங்கினால் எழும்பும் விசை அதிலேயே செத்துவிடும். எங்கள் பிள்ளைகளிடம் நான் கண்ட முதல் மாற்றம் ஸ்டெப்பில்தான். பாதத்தை முழுசாகப் பதித்து இறங்கத் தயங்கவில்லை. முன்பக்கத் தகடு விறைப்பானது, போர்டில் வழுக்கவில்லை. ஆணிகளைக் கழற்றி மாற்றலாம். சின்தெடிக் தளத்தில் 9 மில்லிமீட்டருக்கு மேல் ஆணி கூடாது என்பதை மட்டும் நினைவில் வையுங்கள்.

இனி குறை. காலணிக்கு வடிவம் தரும் அச்சு ஆண், பெண் இருவருக்கும் ஒன்றேதான். அளவு எண்ணும் ஆண்களுடையது. பெண்களுக்குப் பொதுவாகப் பாதத்தின் முன்பக்க அகலத்தோடு பார்த்தால் குதிகால் ஒடுங்கியிருக்கும். முன்பக்கம் சரியாக இருந்தால் பின்பக்கம் வழுகுகிறது. அரை அளவு குறைத்தால் விரல் நசுங்குகிறது. பட்டையை இறுக்கினாலும், பின்சுவரில் மெல்லிய ஒட்டுப் பஞ்சு வைத்தாலும் பாதிதான் தீர்கிறது. இதில் எனக்கு நிஜமாகவே கோபம் உண்டு. பெண்களின் மும்முறை தாண்டுதலுக்கு உலக சாதனைப் பட்டியலில் இடம் கிடைத்ததே 1990-ல், சீனாவின் லி ஹுய்ரோங் தாண்டிய 14.54 மீட்டரோடு. ஒலிம்பிக்கில் சேர்த்தது 1996 அட்லாண்டாவில். 1995-ல் உக்ரைனின் இனெஸ்ஸா கிராவெட்ஸ் தாண்டிய 15.50 மீட்டரை, 2021 டோக்கியோவில் 15.67 தாண்டி வெனிசுலாவின் யுலிமார் ரோஹாஸ் முறியடித்தார். மறு வருடம் பெல்கிரேடில் உள்ளரங்கில் 15.74. இவ்வளவு தூரம் வந்த பிறகும் பெண்ணின் குதிகாலை அளந்து ஒரு அச்சு செய்யக் கூடாதா?

உழைப்பு பரவாயில்லை. ஹாப் போடும் காலின் காலணிதான் முதலில் தேய்கிறது, ஏனென்றால் போர்டில் ஊன்றுவதும் அந்தக் கால், முதலில் இறங்குவதும் அந்தக் கால். மற்றது புதிதாகவே இருக்கும்போதும் ஜோடியாகத்தான் வாங்க வேண்டியிருக்கிறது.

அப்புறம், பழைய இருப்பில் வாங்குகிறவர்கள் கவனிக்க வேண்டியது: 2024 நவம்பர் முதல் அடிப்பாகத் தடிமன் 20 மில்லிமீட்டரைத் தாண்டக் கூடாது. முன்பு இந்தப் போட்டிக்கு 25 வரை அனுமதி இருந்தது. உலக தடகள அமைப்பு அங்கீகரித்த பட்டியலில் மாடல் இருக்கிறதா என்று பார்த்துவிட்டு வாங்குங்கள்.

இப்போதுதான் பழக ஆரம்பிக்கும் குழந்தைகளுக்கு இது வேண்டாம். அவர்கள் புல்தரையில் சாதாரணக் காலணியோடு தாளம் பழகட்டும். முழு ரன்-அப்பில் தாண்டும் பெண்களுக்கு அளவுக் குறையையும் மீறி இதையே சொல்வேன். அளவு பார்க்கும்போது நின்று பார்க்காமல், ஹாப் போடும் காலில் நாலு முறை குதித்துப் பாருங்கள். குதிகால் மேலே வழுகினால் அந்த ஜோடியை எடுக்காதீர்கள்.